கிரீன்பெல்ட், மேரிலாந்து

கிரீன்பெல்ட் என்பது அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில், பிரின்ஸ் ஜார்ஜ்ஸ் கவுண்டியில் உள்ள ஒரு சிறு நகரம் ஆகும். இது தலைநகர் வாஷிங்டனுக்கு வடகிழக்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டர் தொலைவில் அமைந்துள்ளது. நகரின் பரப்பளவு சுமார் 16 சதுர கிலோமீட்டர். 2020ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இங்கு 24,921 பேர் வாழ்ந்தனர்.

பெருநகரத்தை ஒட்டிய சிற்றூர்கள் அமெரிக்காவில் ஆயிரக்கணக்கில் உண்டு. அவற்றுள் பெரும்பாலானவை நிலத்தரகர்களும் கட்டுமான நிறுவனங்களும் மனை பிரித்து விற்றதால் வளர்ந்தவை. கிரீன்பெல்ட் அப்படி வளர்ந்த ஊர் அன்று. நடுவண் அரசே நிலம் வாங்கி, வரைபடம் போட்டு, வீடு கட்டி, குடும்பங்களைத் தேர்ந்தெடுத்துக் குடியேற்றிய ஊர் இது. பதினைந்து ஆண்டுகளுக்குப் பின் அரசு விலகிக்கொண்டபோது, குடியிருந்தவர்களே கூட்டுறவுச் சங்கம் அமைத்து வீடுகளை வாங்கிக்கொண்டனர். ஓர் ஊரைத் திட்டமிடுவது வேறு, அதைக் காப்பாற்றுவது வேறு என்பதை இவ்வூரின் வரலாறு தெளிவாகக் காட்டுகிறது.

பின்னணி

1929இல் தொடங்கிய பெரும் பொருளாதார மந்தத்தால் அமெரிக்காவில் கோடிக்கணக்கானோர் வேலை இழந்தனர். நகரங்களில் நெரிசலான, சுகாதாரமற்ற குடியிருப்புகள் பெருகின. 1933இல் பதவியேற்ற அதிபர் பிராங்கிளின் ரூஸ்வெல்ட், நியூ டீல் என்னும் பெயரில் பல மீட்புத் திட்டங்களைத் தொடங்கினார். அவற்றின் ஒரு பகுதியாக 1935 ஏப்ரலில் மறுகுடியேற்ற நிர்வாகம் என்ற அமைப்பு உருவாக்கப்பட்டது. கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பொருளியல் பேராசிரியராக இருந்த ரெக்ஸ்போர்டு டக்வெல் அதன் தலைவரானார்.

டக்வெல்லின் திட்டத்தில் மூன்று நோக்கங்கள் இருந்தன. வேலையற்றோருக்கு வேலை தருவது முதல் நோக்கம். குறைந்த வருமானமுள்ள குடும்பங்களுக்கு நல்ல வீடு தருவது இரண்டாவது. பெருநகரத்துக்கு வெளியே மலிவான நிலத்தில் எப்படி ஊர் அமைக்கலாம் என்பதற்கு ஒரு மாதிரியைக் காட்டுவது மூன்றாவது.

இங்கிலாந்தைச் சேர்ந்த எபனேசர் ஹோவர்டு 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் முன்வைத்த தோட்ட நகரம் என்ற கருத்து இதற்கு அடிப்படையாக இருந்தது. ஊரின் அளவுக்கு ஒரு வரம்பு இருக்க வேண்டும், அதைச் சுற்றிலும் வயலும் காடுமாகத் திறந்த வெளி இருக்க வேண்டும், நிலம் பொதுவில் இருக்க வேண்டும் என்பது அக்கருத்து. ஊரைச் சுற்றிவரும் அந்தப் பசுமை வளையத்தின் பெயரே இந்நகரின் பெயராயிற்று.

இத்திட்டத்தின் கீழ் மூன்று ஊர்கள் கட்டப்பட்டன. வாஷிங்டன் அருகே கிரீன்பெல்ட், ஒகையோ மாநிலத்தில் சின்சினாட்டி அருகே கிரீன்ஹில்ஸ், விஸ்கான்சின் மாநிலத்தில் மில்வாக்கி அருகே கிரீன்டேல் ஆகியவை அவை. நியூ ஜெர்சி மாநிலத்தில் திட்டமிடப்பட்ட நான்காவது ஊர், உள்ளூர் எதிர்ப்பாலும் 1936ஆம் ஆண்டின் நீதிமன்றத் தீர்ப்பாலும் கைவிடப்பட்டது.

கட்டுமானம்

புகையிலை பயிரிட்டுப் பயிரிட்டு வளம் குன்றிப்போன நிலங்களே கிரீன்பெல்ட்டுக்காக வாங்கப்பட்டன. 1935 அக்டோபரில் வேலை தொடங்கியது. நிவாரணப் பட்டியலில் இருந்த ஆயிரக்கணக்கான தொழிலாளர்கள் வாஷிங்டனிலிருந்து அழைத்துவரப்பட்டனர். கூடுதல் பேருக்கு வேலை கிடைக்க வேண்டும் என்பதற்காக, இயந்திரத்தால் செய்யக்கூடிய பல வேலைகளும் ஆள்களைக் கொண்டே செய்யப்பட்டன. ஊருக்கு நடுவே 23 ஏக்கர் பரப்பில் ஒரு செயற்கை ஏரியும் அமைக்கப்பட்டது. 1936 நவம்பரில் அதிபர் ரூஸ்வெல்ட் நேரில் வந்து பணிகளைப் பார்வையிட்டார்.

இந்த முறையால் செலவு கூடியது. ஊர் முழுவதற்கும் ஆன செலவு சுமார் 1.3 கோடி டாலர். கட்டி முடிக்கப்பட்டவையோ 885 வீடுகள் மட்டுமே. அவற்றுள் 574 வரிசை வீடுகள், 306 அடுக்குமாடி வீடுகள், 5 தனி வீடுகள். ஒரு வீட்டுக்கு இவ்வளவு செலவா என்று நாடாளுமன்ற உறுப்பினர்களும் நாளிதழ்களும் கேள்வி எழுப்பினர். அரசே வீட்டு உரிமையாளர் ஆவது பொதுவுடைமைக்கு வழிவகுக்கும் என்ற குற்றச்சாட்டும் எழுந்தது. டக்வெல் 1936இன் இறுதியில் பதவி விலகினார்.

நகர அமைப்பு

ஹேல் வாக்கர் நகரத் திட்டத்தை வரைந்தார். டக்ளஸ் எலிங்டன், ரெஜினால்டு வாட்ஸ்வொர்த் ஆகியோர் கட்டடக் கலைஞர்களாகப் பணியாற்றினர். நிலத்தின் இயற்கையான மேட்டைத் தழுவி, பிறை வடிவில் ஊர் அமைக்கப்பட்டது. பிறையின் உட்புறத்தில் பள்ளி, கடைகள், திரையரங்கு, நீச்சல் குளம் ஆகிய பொது இடங்கள் உள்ளன.

வீடுகள் சாலையைப் பார்த்து வரிசையாக நிற்கவில்லை. சுற்றிலும் மட்டுமே சாலை செல்லும் பெரிய மனைத் தொகுதிகளாக நிலம் பிரிக்கப்பட்டது. ஒவ்வொரு வீட்டுக்கும் இரண்டு முகங்கள் உண்டு. ஒருபுறம் வண்டி வந்து நிற்கவும் குப்பை எடுக்கவும் ஆன பணிப்புறம். மறுபுறம் புல்வெளியையும் நடைபாதையையும் நோக்கிய தோட்டப்புறம். நடைபாதைகள் வீடுகளுக்கு இடையே பொதுவெளிகள் வழியாகச் சென்று ஊர் நடுவை அடைகின்றன. முதன்மைச் சாலையைக் கடக்க வேண்டிய இடங்களில் அதன் அடியில் சுரங்க நடைபாதைகள் அமைக்கப்பட்டன. ஆகவே ஒரு குழந்தை வண்டிகள் ஓடும் சாலையில் கால் வைக்காமலே வீட்டிலிருந்து பள்ளிக்கு நடந்து செல்ல முடிந்தது. 1929இல் நியூ ஜெர்சியில் ராட்பர்ன் என்ற ஊரில் செய்துபார்க்கப்பட்ட முறை இங்கு முழுமையாகப் பயன்படுத்தப்பட்டது.

தொடக்கப் பள்ளிக் கட்டடமே மாலை நேரங்களில் ஊர்க்கூடமாகவும் பயன்பட்டது. அதன் வெளிச்சுவரில் அமெரிக்க அரசியலமைப்பின் முகப்புரையை விளக்கும் புடைப்புச் சிற்பங்களை லெனோர் தாமஸ் செதுக்கினார். கடைவீதி நடுவில் உள்ள தாயும் சேயும் சிலையும் அவருடையதே. பழைய பள்ளி இப்போது சமூகக் கூடமாக உள்ளது.

நகர வாழ்வைப் பற்றி 1939இல் வெளிவந்த தி சிட்டி என்னும் ஆவணப் படத்தில், எதிர்காலத்து ஊருக்கு எடுத்துக்காட்டாக கிரீன்பெல்ட் காட்டப்பட்டது. இப்படம் நியூயார்க் உலகக் கண்காட்சியில் திரையிடப்பட்டது.

தேர்ந்தெடுக்கப்பட்ட குடும்பங்கள்

முதல் குடும்பங்கள் 1937 செப்டம்பர் இறுதியிலும் அக்டோபர் தொடக்கத்திலும் குடியேறின. 885 வீடுகளுக்கு 5,000க்கும் மேற்பட்ட குடும்பங்கள் விண்ணப்பித்திருந்தன. வருமானத்துக்குக் கீழ் வரம்பும் மேல் வரம்பும் இருந்தன. அதிகாரிகள் விண்ணப்பதாரர்களை நேரில் விசாரித்து, ஊர்ப் பணிகளில் ஆர்வத்துடன் ஈடுபடக்கூடியவர்களைத் தேர்ந்தெடுத்தனர். கத்தோலிக்கர், சீர்திருத்தக் கிறித்தவர், யூதர் ஆகியோர் வாஷிங்டன் வட்டாரத்தில் இருந்த விகிதத்தை ஒட்டி இடம்பெற்றனர்.

குடியேறியவர்களுக்குக் கட்டுப்பாடுகளும் இருந்தன. நாய் வளர்க்கத் தடை இருந்தது. கணவர் வேலையில் இருந்தால் மனைவி வேலைக்குப் போகக் கூடாது என்பதும் விதியாக இருந்தது. வேலை கிடைப்பதே அரிதான காலம் என்பதால் ஒரு குடும்பத்துக்கு ஒரு வேலை என்று இதற்குக் காரணம் கூறப்பட்டது.

இவற்றையெல்லாம்விடப் பெரிய விலக்கு ஒன்று இருந்தது. கிரீன்பெல்ட்டின் கட்டுமானத்தில் ஆப்பிரிக்க அமெரிக்கத் தொழிலாளர்களும் உழைத்தனர். ஆனால் கட்டி முடித்த வீடுகளில் வெள்ளையர் குடும்பங்களே குடியேற்றப்பட்டன. அன்று வாஷிங்டன் வட்டாரத்தில் நிலவிய நிறப் பிரிவினையை நடுவண் அரசும் அப்படியே பின்பற்றியது. எல்லோருக்கும் முன்மாதிரி என்று சொல்லிப் பொதுப் பணத்தில் கட்டப்பட்ட ஊரில், அதே பொதுமக்களில் ஒரு பகுதியினருக்கு இடமில்லை. இவ்வூரைப் பற்றிய எந்த மதிப்பீடும் இந்த முரணைத் தவிர்த்துவிட்டுப் பேச முடியாது.

கூட்டுறவு வாழ்க்கை

1937 ஜூன் 1 அன்று கிரீன்பெல்ட் சட்டப்படி நகரானது. தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம் கொள்கை முடிவுகளை எடுக்க, மன்றம் நியமிக்கும் மேலாளர் அன்றாட நிர்வாகத்தை நடத்தும் முறை மேரிலாந்தில் முதலில் இங்குதான் வந்தது.

ஊரின் கடைகள் தொடக்கம் முதலே கூட்டுறவாக நடத்தப்பட்டன. பாஸ்டன் நகர வணிகர் எட்வர்டு பைலீன் உருவாக்கிய நிறுவனம் இதற்கு முதலீட்டுக் கடன் அளித்தது. பின்னர் ஊரார் பங்குகளை வாங்கிக் கடைகளின் உரிமையாளர் ஆயினர். மளிகைக் கடை, மருந்துக் கடை, பெட்ரோல் நிலையம், திரையரங்கு ஆகியவை இவ்வாறு இயங்கின. உறுப்பினர்களே நடத்தும் கடன் சங்கமும் தொடங்கப்பட்டது. பழைய கூட்டுறவு நிறுவனம் 1984இல் இங்குள்ள மளிகைக் கடையை நடத்துவதைக் கைவிட்டபோது, ஊரார் புதிய கூட்டுறவு அமைத்து அதைத் தொடர்ந்து நடத்தினர்.

1937 நவம்பர் 24 அன்று, கிரீன்பெல்ட் கோஆபரேட்டர் என்ற ஊர் இதழ் வெளிவந்தது. 1954இல் அது கிரீன்பெல்ட் நியூஸ் ரிவ்யூ எனப் பெயர் மாறியது. பெரும்பாலும் தன்னார்வலர்களின் உழைப்பால் நடக்கும் இந்த வார இதழ் வீடுகளுக்கு இலவசமாகவே வழங்கப்படுகிறது.

அரசிடமிருந்து குடியிருப்போருக்கு

இரண்டாம் உலகப் போருக்கான ஏற்பாடுகள் தொடங்கியபோது, பாதுகாப்புத் துறை சார்ந்த ஊழியர்களுக்காக 1941இல் மேலும் 1,000 மரச்சட்ட வீடுகள் கட்டப்பட்டன. போர் முடிந்ததும், அரசு வீட்டுச் சொந்தக்காரராக நீடிக்க வேண்டாம் என்ற கருத்து நாடாளுமன்றத்தில் வலுத்தது. வீடுகளை ஏலத்தில் விட்டிருந்தால், அதிக விலை கேட்கும் நிறுவனங்கள் கைக்கு ஊர் முழுவதும் போயிருக்கும். ஆனால் 1949ஆம் ஆண்டுச் சட்டம், முன்னாள் படைவீரர்களும் குடியிருப்போரும் அமைக்கும் சங்கங்களுக்குப் பேச்சுவார்த்தை வழியே விற்க இடமளித்தது.

1952 இறுதியில் குடியிருப்போரின் கூட்டுறவுச் சங்கம் 1,580 வீடுகளை சுமார் 63 லட்சம் டாலருக்கு வாங்கியது. இச்சங்கம் 1957 முதல் கிரீன்பெல்ட் ஹோம்ஸ் என்ற பெயரில் இயங்குகிறது. இதன் நடைமுறை எளிது. வீடுகளும் நிலமும் சங்கத்தின் சொத்து. உறுப்பினர் ஒரு வீட்டில் வாழும் உரிமையை விலை கொடுத்துப் பெறுகிறார். சொத்துவரி, காப்பீடு, பராமரிப்பு ஆகியவற்றுக்காக மாதக் கட்டணம் செலுத்துகிறார். ஊரை விட்டுப் போகும்போது அந்த உரிமையை இன்னொருவருக்கு விற்கலாம். சங்க நிர்வாகிகளை உறுப்பினர்களே வாக்களித்துத் தேர்ந்தெடுக்கின்றனர். அரசு கட்டிய மூன்று ஊர்களுள் வீடுகளின் பெரும் பகுதி இன்றும் கூட்டுறவு உடைமையாக நிலைத்திருப்பது கிரீன்பெல்ட்டில் மட்டுமே. கிரீன்டேலில் வீடுகள் பெரும்பாலும் தனித்தனியாக விற்கப்பட்டன.

பசுமை வளையம் இதே அளவுக்குத் தப்பவில்லை. அதன் தென்பகுதி 1950இல் தேசியப் பூங்காப் பணியகத்துக்கு மாற்றப்பட்டு, ஏறத்தாழ 1,100 ஏக்கர் பரப்புள்ள கிரீன்பெல்ட் பூங்கா ஆனது. கூட்டுறவுச் சங்கம் வாங்கியிருந்த காலி நிலத்தில் பெரும் பகுதியோ, பணத் தேவையால் 1950களில் கட்டுமான முதலீட்டாளர்களுக்கு விற்கப்பட்டது. வீடுகளைக் காத்த சங்கத்தால் நிலம் முழுவதையும் காக்க முடியவில்லை.

இரண்டு வழக்குகள்

இச்சிறு நகரம் அமெரிக்காவின் குடியுரிமை வரலாற்றில் இருமுறை இடம்பெற்றுள்ளது.

முதலாவது ஏபிரகாம் சசனோவ் வழக்கு. கடற்படையின் நீரியல் வரைபட அலுவலகத்தில் இருபது ஆண்டுகளுக்கும் மேலாகப் பணியாற்றிய இவர், கிரீன்பெல்ட்டில் வாழ்ந்து கூட்டுறவுப் பணிகளில் ஈடுபட்டவர். பொதுவுடைமைவாதிகள் மீதான அச்சம் உச்சத்தில் இருந்த 1953இல், பெயர் தெரியாதவர்கள் அளித்த தகவல்களின் பேரில், பாதுகாப்புக்கு ஆபத்தானவர் என்று கூறி இவர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார். ஊரில் தீவிரவாதக் கருத்துடைய குழுவொன்றில் முன்னின்றார் என்பது குற்றச்சாட்டுகளுள் ஒன்று. ஊரார் பலர் அவருக்கு ஆதரவாகச் சாட்சியம் அளித்தனர். 1954இல் கடற்படை தவறை ஒப்புக்கொண்டு அவரை மீண்டும் பணியில் சேர்த்தது. இவ்வழக்கைப் பற்றித் தொடர்ந்து எழுதிய செய்தியாளர் அந்தோனி லூயிஸ் 1955இல் புலிட்சர் பரிசு பெற்றார்.

இரண்டாவது வழக்கு ஊர் இதழைப் பற்றியது. 1965இல், மேரிலாந்து சட்டமன்ற உறுப்பினரும் கட்டுமானத் தொழிலதிபருமான சார்லஸ் பிரெஸ்லர், தம் நிலங்களில் கூடுதல் வீடுகள் கட்ட அனுமதி கேட்டார். அதே வேளையில் பள்ளி கட்டுவதற்காக அவருடைய வேறொரு நிலத்தை நகரம் வாங்க முயன்றது. இரண்டையும் இணைத்து அவர் பேரம் பேசுவதை நகரமன்றக் கூட்டங்களில் சிலர் மிரட்டிப் பறித்தல் என்று கண்டித்தனர். இதழ் அச்சொல்லை அப்படியே வெளியிட்டது. பிரெஸ்லர் அவதூறு வழக்குத் தொடுத்தார். கீழ் நீதிமன்றம் மொத்தம் 17,500 டாலர் இழப்பீடு வழங்குமாறு கூறியது. தன்னார்வலர்கள் நடத்தும் இதழுக்கு இது பெரும் தொகை.

1970இல் உச்ச நீதிமன்றம் இத்தீர்ப்பை ரத்து செய்தது. அக்கட்டுரைகளைப் படிக்கும் எவரும் பிரெஸ்லர் குற்றம் புரிந்தார் என்று கருதமாட்டார்கள், சூடான பொது விவாதத்தில் எழுந்த கடுஞ்சொல்லாகவே கொள்வார்கள் என்று நீதிமன்றம் கூறியது. பேச்சுரிமை பற்றிய வழக்குகளில் இத்தீர்ப்பு இன்றும் மேற்கோள் காட்டப்படுகிறது.

நெடுஞ்சாலைகளும் புதிய நகரமும்

1954இல் பால்டிமோர்–வாஷிங்டன் பார்க்வே திறக்கப்பட்டது. 1964இல் தலைநகரைச் சுற்றிவரும் கேப்பிட்டல் பெல்ட்வே நிறைவுற்றது. வண்டிகளிடமிருந்து நடப்போரைக் காக்கத் திட்டமிட்ட ஊரை இவ்விரு பெருஞ்சாலைகளும் ஊடறுத்தன. இன்று நகரம் பழைய ஊர், மேற்கு, கிழக்கு என மூன்று பகுதிகளாக உள்ளது. 1960களில் மேற்குப் பகுதியில் ஸ்பிரிங்ஹில் லேக் என்னும் பெரிய வாடகைக் குடியிருப்பு எழுந்தது. அதன் இன்றைய பெயர் பிராங்கிளின் பார்க். அங்கு மட்டும் 2,800க்கும் மேற்பட்ட வீடுகள் உள்ளன. நகரில் வாழ்வோரில் பெரும்பாலோர் 1937இல் கட்டப்பட்ட வீடுகளில் வாழ்பவர்கள் அல்லர்.

நகர எல்லையை ஒட்டி, நாசாவின் கோடார்டு விண்வெளிப் பறப்பு மையம் 1959இல் அமைக்கப்பட்டது. ஹபிள் தொலைநோக்கி இங்கிருந்து இயக்கப்படுகிறது. ஜேம்ஸ் வெப் தொலைநோக்கியின் ஆடிகளும் அறிவியல் கருவிகளும் இங்குதான் பொருத்தப்பட்டன. அண்டத்தின் பின்னணிக் கதிர்வீச்சை ஆராய்ந்த கோபே செயற்கைக்கோள் திட்டத்துக்காக, இம்மையத்தின் ஜான் மேதர் 2006இல் இயற்பியலுக்கான நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.

1993 டிசம்பரில் வாஷிங்டன் மெட்ரோ ரயிலின் பச்சைத் தடம் கிரீன்பெல்ட் வரை நீட்டிக்கப்பட்டது. 2023 நவம்பரில் எஃப்.பி.ஐ. தலைமையகத்தைக் கட்ட இந்நிலையத்தை ஒட்டிய இடம் தேர்வானது. ஆனால் 2025 ஜூலையில் நடுவண் அரசு முடிவை மாற்றி, வாஷிங்டனுக்குள்ளேயே இருக்கும் ஒரு கட்டடத்தைத் தலைமையகத்துக்கு அறிவித்தது. தலைநகருக்கு அருகில் இருப்பதன் ஆதாயமும் நிச்சயமின்மையும் இவ்வூருக்குப் புதியவை அல்ல.

இன்றைய கிரீன்பெல்ட்

1937இல் வெள்ளையர்களுக்கு மட்டும் திறந்திருந்த நகரில், 2010ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ பாதிப் பேர் ஆப்பிரிக்க அமெரிக்கர்கள். ஆப்பிரிக்க அமெரிக்கருக்கும் பழங்குடியினருக்கும் இழைக்கப்பட்ட அநீதிக்கு ஈடு செய்வது பற்றி ஆராய 21 பேர் கொண்ட குழு அமைக்கலாமா என்று 2021 நவம்பரில் வாக்காளர்களிடம் கேட்கப்பட்டது. பெரும்பான்மையினர் ஆதரித்து வாக்களித்தனர். நகரின் தோற்றத்திலேயே இருந்த விலக்கைப் பொது விவாதத்துக்குக் கொண்டுவந்த முடிவு இது.

நகரமன்றத் தேர்தலில் வாக்களிக்கும் வயது 2018இல் 16ஆகக் குறைக்கப்பட்டது. இளைஞர்களே முன்னின்று கேட்டுப் பெற்ற மாற்றம் இது. எலினோர் ரூஸ்வெல்ட் உயர்நிலைப் பள்ளி இந்நகரில் உள்ளது. கூகிள் நிறுவனர்களுள் ஒருவரான செர்கே பிரின் இப்பள்ளியில் படித்தவர்.

பழைய ஊர்ப் பகுதி 1997இல் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. 1937ஆம் ஆண்டின் வரிசை வீடு ஒன்று அக்கால அறைகலன்களுடன் அருங்காட்சியகமாகப் பேணப்படுகிறது.

மதிப்பீடு

கிரீன்பெல்ட்டைப் போல் நாடெங்கும் ஊர்கள் எழும் என்று டக்வெல் எதிர்பார்த்தார். அது நடக்கவில்லை. போருக்குப் பின் அமெரிக்கப் புறநகரங்கள் தனி வீடு, தனி வண்டி என்ற வேறு வழியில் வளர்ந்தன. அவ்வகையில் இத்திட்டம் தன் முதன்மை நோக்கத்தில் வெற்றி பெறவில்லை எனலாம்.

எனினும் 1937இல் போடப்பட்ட நடைபாதைகளும் பொதுவெளிகளும் பயன்பாட்டில் உள்ளன. கூட்டுறவு மளிகைக் கடையும் ஊர் இதழும் இயங்குகின்றன. 1952இல் வீடுகள் தனித்தனியே விற்கப்பட்டிருந்தால், பொதுவெளிகள் எப்போதோ துண்டாடப்பட்டிருக்கக்கூடும். பசுமை வளையத்தில் விற்கப்பட்ட பகுதிகளுக்கு நேர்ந்தது அதற்குச் சான்று. அரசு வகுத்த திட்டத்தை நிலைக்கச் செய்தது குடியிருப்போரின் பொது உடைமையே. அந்தப் பொது என்பதில் யார் யார் அடங்குவர் என்பது 1937இல் அதிகாரிகளால் முடிவு செய்யப்பட்டது. இன்று அதை நகரின் வாக்காளர்கள் முடிவு செய்கின்றனர்.